காஞ்சியின் வானமும் இரண்டு பஞ்சாங்கங்களும்

காஞ்சிபுரத்தில் ஒரே தெருவில் அடுத்தடுத்த இரண்டு வீடுகளில் இரண்டு விதமான பஞ்சாங்கம் இருக்கலாம். ஒன்று வாக்கியம், மற்றது திருக்கணிதம். பட்டுத் தறிக்கு நாள் பார்ப்பதிலிருந்து கல்யாண முகூர்த்தம் வரை இரண்டையும் வைத்தே ஊர் நடக்கிறது. பெரும்பாலான நாட்களில் இரண்டுக்கும் பெரிய வேறுபாடு தெரியாது. ஆனால் சனிப் பெயர்ச்சி வந்தால் மட்டும் குழப்பம் தொடங்கிவிடும்.

2023-ஆம் ஆண்டையே எடுத்துக்கொள்ளலாம். சனி கும்ப ராசிக்குள் நுழைந்தது ஜனவரி 17 என்றது திருக்கணிதம். வாக்கியப் பஞ்சாங்கமோ டிசம்பர் 20 என்றது. திருநள்ளாறு கோயிலில் விழா நடந்தது டிசம்பர் 20-இல்தான். அடுத்த பெயர்ச்சியிலும் இதே கதை. திருக்கணிதம் 2025 மார்ச் 29 என்றும், வாக்கியம் 2026 மார்ச் 6 என்றும் குறித்தன. வானத்தில் இருப்பது ஒரே ஒரு சனி. அது எப்படி ஏறக்குறைய பதினொரு மாத இடைவெளியில் இரண்டு முறை ராசி மாற முடியும்?

இந்தக் கேள்விக்கு விடை தேடிப் போனால், மனிதன் சூரியக் குடும்பத்தைக் கண்டுபிடித்த கதை முழுவதும் வந்துவிடுகிறது. அந்தக் கதையின் சில முக்கியமான பக்கங்கள் காஞ்சியிலும் அதைச் சுற்றிய தமிழ்நாட்டிலும் எழுதப்பட்டவை என்பது பலருக்குத் தெரியாது.

பல்லவர் காலத்து உலகம்

கி.பி. 458. காஞ்சியில் பல்லவ மன்னன் சிம்மவர்மன் ஆட்சி செய்துகொண்டிருந்தான். அவனது 22-ஆம் ஆட்சியாண்டில் சர்வநந்தி என்ற சமண முனிவர் பாடலிகம் என்ற ஊரில் 'லோகவிபாகம்' என்ற நூலை முடித்தார். பாடலிகம் என்பது இன்றைய கடலூரில் உள்ள திருப்பாதிரிப்புலியூர் என்பர். மூல நூல் இன்று கிடைக்கவில்லை. பிற்காலத்தில் சிம்மசூரி என்பவர் வடமொழியில் செய்த வடிவமே கிடைத்துள்ளது.

இந்த நூல் காட்டும் உலகம் நாம் அறிந்த சூரியக் குடும்பம் அல்ல. பூமி தட்டையான வட்டம். நடுவில் மேரு மலை. அதைச் சுற்றி வளையம் வளையமாகக் கடல்களும் தீவுகளும். நடுத் தீவான ஜம்புத் தீவுக்கு மட்டும் இரண்டு சூரியன்கள், இரண்டு சந்திரன்கள்! ஒன்று மறைய மற்றொன்று வரும்.

இன்று படிக்கும்போது சிரிப்பு வரலாம். ஆனால் இதே நூலில் இரண்டு வியப்புகள் உள்ளன. முதலாவது, மிகப் பெரிய எண்களை இடமதிப்பு முறையில், சுழியத்தோடு சேர்த்துச் சொல்கிறது. இடமதிப்பு எண்களுக்குக் கிடைக்கும் மிகப் பழைய நூல் சான்றுகளில் இதுவும் ஒன்று. இரண்டாவது, நூல் எழுதிய காலத்தைச் சொல்லும்போது சக ஆண்டு 380 என்பதோடு கோள்களின் இருப்பிடத்தையும் குறிக்கிறது. சனி உத்திராடத்தில், குரு ரிஷபத்தில், சந்திரன் உத்திரத்தில். இதை வைத்துத்தான் ஆய்வாளர்கள் கி.பி. 458 ஆகஸ்ட் 25 என்று நாளையே கணக்கிட்டார்கள்.

இது சரிதானா என்று இன்று எவரும் எளிதாகச் சோதிக்கலாம். குரு ஒரு சுற்றுக்கு 11.86 ஆண்டு எடுத்துக்கொள்கிறது. 458 ஆகஸ்டிலிருந்து 132 சுற்றுகளைக் கூட்டினால் 2024-இன் நடுப்பகுதி வரும். அப்போது குரு ரிஷபத்தில்தான் இருந்தது. சனிக்கு ஒரு சுற்று 29.46 ஆண்டு. 53 சுற்றுகளைக் கூட்டினால் 2020 வரும். அப்போது சனி உத்திராடத்தில்தான் இருந்தது. அதாவது, உலகம் எப்படி இருக்கிறது என்ற படம் தவறு. ஆனால் கோள் எங்கே நிற்கிறது என்று கண்ணால் பார்த்த செய்தி சரி! வானியல் வரலாறு முழுவதும் இந்த இரண்டும் தனித்தனியாகவே நடந்து வருகின்றன. இடத்தைச் சரியாகச் சொல்வது ஒன்று. ஏன் அங்கே இருக்கிறது என்று புரிந்துகொள்வது வேறொன்று.

வாக்கியங்களால் ஆன வானம்

லோகவிபாகம் எழுதப்பட்டு 41 ஆண்டுகள் கழித்து, 499-இல் ஆர்யபடர் பூமி ஓர் உருண்டை என்றும் அது தன்னைத்தானே சுற்றுகிறது என்றும் எழுதினார். ஒவ்வொரு கோளும் ஒரு யுகத்தில் எத்தனை சுற்றுகள் வரும் என்ற எண்களையும் தந்தார். அந்த எண்களை அடிப்படையாகக் கொண்டு கேரளத்திலும் தமிழ்நாட்டிலும் ஒரு கணக்கு மரபு வளர்ந்தது. அதுவே வாக்கிய மரபு.

அம்மரபில் தமிழ்நாட்டுக்கு அடிப்படையாக அமைந்த நூல் 'வாக்கிய கரணம்'. ஆசிரியர் பெயர் தெரியாது. 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில், 1282-ஐ ஒட்டி, காஞ்சிப் பகுதியில் எழுதப்பட்டது என்பது ஆய்வாளர் கருத்து. தி.சா. குப்பண்ண சாஸ்திரியும் கே.வி. சர்மாவும் இதைப் பதிப்பித்து 1962-இல் சென்னையில் வெளியிட்டனர். இன்றைய தமிழ் வாக்கியப் பஞ்சாங்கங்களுக்கு வேர் இந்த நூல்தான். காஞ்சி மடத்தின் பெயரில் வரும் பஞ்சாங்கமும் வாக்கிய முறையைச் சேர்ந்ததே.

வாக்கியம் என்றால் என்ன? எழுத்துகளுக்கு எண் கொடுக்கும் 'கடபயாதி' என்ற முறை ஒன்று உண்டு. க என்றால் 1, ம என்றால் 5, ல என்றால் 3. 'கமலம்' என்ற சொல்லில் க, ம, ல மூன்றையும் பின்னிருந்து படித்தால் 351. (கடைசி மெய்யெழுத்துக்கு மதிப்பு இல்லை.) இப்படி எண்களை எல்லாம் சொற்களாக்கி, சொற்களைப் பொருள் தரும் சிறு வாக்கியங்களாக்கி, அவற்றை மனப்பாடம் செய்துவிடுவார்கள். சந்திரனுக்கு மட்டும் இத்தகைய வாக்கியங்கள் 248. ஒரு நாளுக்கு ஒன்று.

ஏன் 248? சந்திரன் ஒரே வேகத்தில் போவதில்லை. பூமிக்கு அருகில் வரும்போது வேகமாகவும் விலகிப் போகும்போது மெதுவாகவும் நகரும். அந்த வேக மாற்றம் ஒரு முறை முடிய ஏறக்குறைய 27.55 நாள் ஆகும். அதை ஒன்பதால் பெருக்கினால் கிட்டத்தட்ட மிகச் சரியாக 248 நாள். அதன்பின் சந்திரன் பழைய வரிசையையே திரும்ப நடக்கும். எனவே 248 வாக்கியங்கள் மனதில் இருந்தால் போதும். தாளும் வேண்டாம், ஓலையும் வேண்டாம். எந்த நாளுக்கும் சந்திரன் இருக்கும் இடத்தைச் சொல்லிவிடலாம்.

சோழியில் கணக்கிட்ட கிரகணம்

இந்த முறை எவ்வளவு நன்றாக வேலை செய்தது என்பதற்கு ஒரு வெளிநாட்டவரின் சாட்சி இருக்கிறது. சென்னை வானாய்வகத்தில் சில ஆண்டுகள் பொறுப்பு வகித்த ஜான் வாரன், தென்னிந்தியப் பஞ்சாங்க முறைகளைப் பற்றி 'கால சங்கலிதம்' என்ற பெரிய நூலை 1825-இல் வெளியிட்டார். அதற்காகப் புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிப்பவர் ஒருவரைச் சந்தித்து, 1825 மே 31, ஜூன் 1-க்கு இடைப்பட்ட இரவின் சந்திர கிரகணத்தைக் கணிக்கச் சொன்னார். அவர் எதையும் எழுதவில்லை. தரையில் சோழிகளைப் பரப்பினார். மனப்பாடமாக இருந்த வாக்கியங்களைச் சொல்லிச் சொல்லிச் சோழிகளை நகர்த்தினார். விடை வந்தது. கிரகணம் தொடங்கும் நேரத்தில் பிழை 4 நிமிடம். நடுவில் 23 நிமிடம். முடியும் நேரத்தில் 52 நிமிடம்.

1952-இல் ஆட்டோ நாய்கபவர் என்ற வானியல் வரலாற்று அறிஞர் இந்தச் செய்தியைப் படித்து வியந்து 'தமிழ் வானியல்' பற்றி ஒரு கட்டுரை எழுதினார். அவருக்கு வியப்பு தந்தது பிழை குறைவாக இருந்தது மட்டுமல்ல. அந்த 248 நாள் சுழற்சி பண்டைய பாபிலோனியக் களிமண் பலகைகளிலும் இருந்தது! ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பு யூப்ரடிஸ் நதிக்கரையில் எழுந்த கணக்கின் உறவு ஒன்று, 19-ஆம் நூற்றாண்டில் புதுச்சேரித் தரையில் சோழிகளாக உயிரோடு இருந்திருக்கிறது.

ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். சோழிக் கணக்கு செய்ய பூமி சுற்றுகிறதா, சூரியன் சுற்றுகிறதா என்று தெரிய வேண்டியதில்லை. சந்திரன் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்றும் தெரிய வேண்டியதில்லை. திரும்பத் திரும்ப வருவதைக் கண்டுபிடித்து அதை மறக்காமல் இருந்தால் போதும். மரபின் பலமும் அதுதான், பலவீனமும் அதுதான்.

படம் மாறிய கதை

'ஏன்' என்ற கேள்விக்கு விடை வேறு இடங்களில் உருவாகிக்கொண்டிருந்தது. கேரளத்தில் 1500-ஐ ஒட்டி நீலகண்ட சோமயாஜி, ஐந்து கோள்களும் சூரியனைச் சுற்றுகின்றன, சூரியன் அவற்றோடு பூமியைச் சுற்றுகிறது என்ற முடிவுக்கு வந்தார். பாதித் தூரம் வந்தாயிற்று. 1543-இல் கோபர்நிக்கஸ் சூரியனை நடுவில் வைத்தார். 1609-இல் கெப்ளர் கோள்களின் பாதை வட்டமல்ல, நீள்வட்டம் என்றார். 1610-இல் கலிலியோ வியாழனைச் சுற்றும் நான்கு நிலவுகளைத் தொலைநோக்கியில் பார்த்தார். 1687-இல் நியூட்டன் இவை அனைத்துக்கும் ஈர்ப்பு விசை என்ற ஒரே காரணத்தைக் காட்டினார்.

சூரியக் குடும்பத்தின் வடிவம் தெரிந்தது. அளவு தெரியவில்லை. சூரியன் எவ்வளவு தூரம்? வெள்ளிக் கோள் சூரியனின் முன்னால் கடந்து போகும்போது பூமியின் பல இடங்களிலிருந்து நேரத்தை அளந்தால் இதைக் கணக்கிடலாம் என்று ஹாலி சொல்லியிருந்தார். அப்படிப்பட்ட கடப்புகள் 1761-இலும் 1769-இலும் வந்தன.

1761-இன் கடப்பைப் புதுச்சேரியிலிருந்து பார்க்க, 1760-இல் பிரான்சிலிருந்து கப்பல் ஏறினார் லெ ஜாந்தீல். அவர் வருவதற்குள் புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது. கடப்பு நிகழ்ந்த நாளில் அவர் நடுக்கடலில் ஆடும் கப்பலில் இருந்தார். அளவெடுக்க முடியவில்லை. திரும்பிப் போகாமல் எட்டு ஆண்டுகள் காத்திருந்தார்! 1768-இல் மீண்டும் பிரெஞ்சுக்காரர் வசமாகியிருந்த புதுச்சேரிக்கு வந்து, இடிந்த கோட்டையின் மேல் ஒரு வானாய்வகம் கட்டினார். 1769 ஜூன் 4 காலை, சரியாக அந்த நேரத்தில் மேகம் மூடிக்கொண்டது. 1771-இல் ஊர் திரும்பியபோது அவர் இறந்துவிட்டதாகவே எல்லோரும் முடிவு செய்திருந்தார்கள்.

வெறுங்கையோடு போனவர் என்று அவரைச் சொல்ல முடியாது. காத்திருந்த காலத்தில் தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதத்தைக் கற்றுக்கொண்டு தம் பயண நூலில் விரிவாக எழுதினார். வாக்கிய மரபு ஐரோப்பாவுக்குத் தெரிந்தது இவர் வழியாகத்தான்.

வாக்கியக் குடும்பத்திலிருந்து வந்தவர்

சென்னையில் 1786-இல் வில்லியம் பெற்றி என்பவர் தம் சொந்தச் செலவில் ஒரு வானாய்வகம் தொடங்கினார். பின்னர் அது கம்பெனியின் வசம் வந்து, 1792-இல் நுங்கம்பாக்கத்தில் கட்டடம் எழுந்தது. அங்கே 1861-இல் பொறுப்பேற்ற நார்மன் போக்சன் அதே ஆண்டு ஏப்ரல் 17 அன்று ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்தார். ஆசியாவிலிருந்து கண்டுபிடிக்கப்பட்ட முதல் சிறுகோள் என்பதால் அதற்கு 'ஏசியா' என்றே பெயர். பிறகு சாப்போ, சில்வியா, கமில்லா, 1885-இல் வேரா எனச் சென்னை வானம் மேலும் சிறுகோள்களைத் தந்தது.

அதே வானாய்வகத்தில் வேலை பார்த்தவர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் பிறந்தவர். 1867-இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தார். 1872-இல் இங்கிலாந்தின் ராயல் வானியல் கழகத்தில் உறுப்பினரானார். 1874 டிசம்பர் 9 அன்று வெள்ளிக் கடப்பு மீண்டும் வரவிருந்தது. அதைப் பொதுமக்களுக்கு விளக்க ஒரு சிறு நூலை எழுதி, தமிழ் உள்ளிட்ட இந்திய மொழிகளிலும் கொண்டுவந்தார்.

அவர் மனதில் இன்னொரு பெரிய வேலையும் இருந்தது. வானாய்வகத்தில் தொலைநோக்கியில் தெரியும் கோளும் வீட்டுப் பஞ்சாங்கத்தில் உள்ள கோளும் வேறு வேறு இடத்தில் இருப்பதை அவர் நாள்தோறும் பார்த்தவர். எனவே புதிய அளவுகளை வைத்துத் திருக்கணிதப் பஞ்சாங்கம் வெளியிடத் தொடங்கினார். எதிர்ப்புக்குக் குறைவில்லை. முன்னோர் சொன்னதை மாற்றலாமா என்பதே கேள்வி. 1880-இல் அவர் மறைந்தார். விவாதம் மறையவில்லை.

திருக்கணிதம் என்ற சொல்லைப் பலர் 'திரு' என்ற மரியாதை அடைமொழி சேர்ந்தது என்று நினைக்கிறார்கள். அப்படியல்ல. 'த்ருக்' என்றால் வடமொழியில் பார்வை. கண்ணால் பார்ப்பதோடு பொருந்தும் கணிதம் என்பதே பொருள். இந்தப் பெயரும் வெள்ளைக்காரர் கொண்டுவந்ததல்ல. கேரளத்துப் பரமேஸ்வரர் 55 ஆண்டுகள் வானத்தைப் பார்த்துவிட்டு, பழைய எண்களைத் திருத்தி 1431-இல் எழுதிய நூலின் பெயரே 'த்ருக்கணிதம்'. ஆக, பார்த்துத் திருத்துவதும் நம் மரபுதான்.

ஏழு நாள் பிழை

இப்போது தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வரலாம். பதினொரு மாத வித்தியாசம் எங்கிருந்து வந்தது?

ஆர்யபடர் கணக்கில் ஒரு மகாயுகத்தின் நாட்கள் 157,79,17,500. அதில் சனி சுற்றும் சுற்றுகள் 1,46,564. வகுத்தால் ஒரு சுற்றுக்கு ஏறக்குறைய 10,766 நாள். இன்றைய அளவீட்டின்படி அது 10,759 நாள். வித்தியாசம் சுமார் 7 நாள்.

இருபத்தொன்பதரை ஆண்டுகளில் ஏழே நாள்! தொலைநோக்கி இல்லாத காலத்தில் இது மிகப் பெரிய சாதனை. ஆயிரத்தைந்நூறு பங்கில் ஒரு பங்குதான் பிழை. ஆனால் 499-இலிருந்து இன்று வரை சனி 51 சுற்றுகளுக்கு மேல் முடித்துவிட்டது. 51-ஐ ஏழால் பெருக்கினால் ஏறக்குறைய 350 நாள். அதாவது, கிட்டத்தட்ட பதினொன்றரை மாதம்! வாக்கிய மரபில் இடையிடையே சிறு திருத்தங்கள் சேர்ந்திருந்தாலும், ராசித் தொடக்கப் புள்ளியில் இரு முறைகளுக்கும் சிறு வேறுபாடு இருந்தாலும், பெரும் பகுதிக் காரணம் இதுதான். 2023 டிசம்பர் 20 அன்று வாக்கியப்படி சனி கும்பத்தின் வாசலில் நின்றபோது, திருக்கணிதப்படி அது கும்பத்துக்குள் 8 பாகை போய்விட்டிருந்தது. முழுநிலவுகளை வரிசையாக ஒட்டி வைத்தால் பதினாறு நிலவுகள் அடங்கும் தூரம்.

சனி ஐரோப்பியரையும் விடவில்லை. அவர்களது அட்டவணைகளிலும் சனி மெதுவாவது போலவும் வியாழன் வேகமாவது போலவும் தெரிந்தது. இரண்டு கோள்களும் ஒன்றையொன்று இழுப்பதால் ஏறக்குறைய 900 ஆண்டு நீளமுள்ள ஒரு ஊசலாட்டம் இருக்கிறது என்று 1785-இல் லாப்லாஸ் விளக்கிய பிறகுதான் கணக்கு நேரானது. இந்த இடத்தில்தான் மனப்பாடத்துக்கும் புரிதலுக்கும் உள்ள வேறுபாடு தெரிகிறது. திரும்ப வருவதை மட்டும் நம்பும் முறைக்கு, 900 ஆண்டு ஊசலாட்டம் கண்ணில் படவே படாது.

அப்படியானால் கிரகணத்தில் மட்டும் பிழை ஏன் சில நிமிடங்களோடு நின்றது? சந்திரன் மாதந்தோறும் திரும்பி வருகிறது. கிரகணத்தை ஊரே பார்க்கிறது. தவறினால் தெருவில் கேட்பார்கள். அதனால் சந்திரக் கணக்கை ஒவ்வொரு தலைமுறையும் சோதித்தது. சனி ராசி மாறுவதைத் தெருவில் நின்று யாரும் சோதிப்பதில்லை. சோதிக்கப்படாத பிழை வளர்ந்துகொண்டே போனது.

காவலூரின் பங்கு

சுதந்திரத்துக்குப் பின் நாடெங்கும் முப்பதுக்கும் மேற்பட்ட நாட்காட்டிகள் வழக்கில் இருப்பதைப் பார்த்து, 1952-இல் மேக்நாத் சாகா தலைமையில் ஒரு சீர்திருத்தக் குழு அமைக்கப்பட்டது. அதன் பரிந்துரைப்படி 1957 முதல் அரசு, திருக்கணித முறையில் ராஷ்டிரிய பஞ்சாங்கம் வெளியிட்டு வருகிறது. அரசு அலுவலகத்துக்கு அது வந்தது. கோயிலுக்கும் வீட்டுக்கும் முழுமையாக வரவில்லை.

இதற்கிடையே வானம் பார்க்கும் வேலை தமிழ்நாட்டில் தொடர்ந்தது. காஞ்சிக்கு மேற்கே ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வகம் எழுந்தது. 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு விண்மீனை மறைத்தபோது, மறைப்பதற்குச் சற்று முன்பே விண்மீனின் ஒளி ஒரு முறை மங்கியது காவலூரில் பதிவானது. புதிய துணைக்கோளாக இருக்கலாம் என்று முதலில் கருதினார்கள். பிற நாட்டுப் பதிவுகளோடு சேர்த்துப் பார்த்தபோது அது யுரேனஸின் வளையம் என்று தெரிந்தது. சனிக்கு மட்டுமே வளையம் என்றிருந்த பாடம் அன்று மாறியது. 1988-இல் ராஜமோகன் காவலூரிலிருந்து ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்தார். போக்சனின் வேராவுக்கு 103 ஆண்டுகள் கழித்து! அதற்கு 'ராமானுஜன்' என்று பெயர் வைக்கப்பட்டது.

எது சரி?

காஞ்சியில் இன்றும் இந்தக் கேள்வி வரும்போது பேச்சு சூடாகிவிடுகிறது. வாக்கியத்தை விட்டால் மரபை விட்டதாகும் என்பார் ஒருவர். வாக்கியம் முழுக்கத் தவறு என்பார் இன்னொருவர். வரலாற்றைப் பார்த்தால் இரண்டுமே பொருந்தவில்லை. விழா எந்த நாளில் நடக்க வேண்டும் என்பது கோயிலும் பக்தர்களும் முடிவு செய்யும் விஷயம். அதற்கு மரபே போதும். ஆனால் சனி எங்கே நிற்கிறது என்பது யாரும் முடிவு செய்யும் விஷயம் அல்ல. மேலே பார்த்தால் தெரியும் விஷயம்.

வாக்கிய கரணம் எழுதப்பட்ட நாளில் அது ஒரு புதிய நூல். அதன் ஆசிரியர் தம் காலத்தில் கிடைத்த நல்ல எண்களைத் தேடித்தான் எழுதினார். பரமேஸ்வரர் 55 ஆண்டுகள் பார்த்தார். ரகுநாதாச்சாரி தொலைநோக்கியில் பார்த்தார். பாடலிகத்தில் நூலை முடித்த அன்றைய வானத்தில் குருவும் சனியும் நின்ற இடத்தைச் சர்வநந்தி எழுதி வைத்ததால்தான், 1500 ஆண்டுகள் கழித்தும் அவரது நாளைக் கண்டுபிடிக்க முடிகிறது. அவர்கள் விட்டுச்சென்றது எண்கள் மட்டுமல்ல, பார்க்கும் பழக்கமும்கூட. எண்களை எழுநூறு ஆண்டுகளாகக் காப்பாற்றி வைத்திருக்கும் ஊருக்கு, அந்தப் பழக்கத்தையும் காப்பாற்றுவது கடினமான வேலை அல்ல. சனியைப் பார்க்கத் தொலைநோக்கி தேவையில்லை. அது தெரியும் மாதங்களில் மொட்டை மாடிக்குப் போனால் போதும்.